பூனைதானே

அந்த ரத்தப் பரிசோதனை லேபில் அவளுக்கு ஒரு பெயர் உண்டு. பெற்றவர்கள் வைத்தது இல்லை, கூட வேலை பார்க்கிறவர்கள் வைத்தது: தானேக்கா. அடையாள அட்டையில் இருக்கிற பெயரைச் சொல்லி விசாரித்தால் வாசலில் நிற்கும் காவலாளி தலையைச் சொறிவார். தானேக்கா என்றால் மட்டும் மூன்றாவது நாற்காலியைக் கை காட்டிவிடுவார்.

பெயருக்குக் காரணம் அவள் வாய். ஊசியைக் கண்டதும் முகம் வெளுத்துப் போகிறவர்களிடம் "ஊசிதானே?" என்பாள். தலை சுற்றுகிறது என்றால் "சுத்தறதுதானே, கண்ண மூடிக்கோங்க" என்பாள். நேற்றிலிருந்து வெறும் வயிறு, கண்ணை இருட்டிக்கொண்டு வருகிறது என்று ஒருவர் முனகினால் அதற்கும் "பசிதானே" தயாராக இருக்கும். இரண்டே எழுத்து. தமிழில் இதைவிட மலிவான மருந்து கிடையாது. எந்த வியாதிக்கும் கொடுக்கலாம், கொடுக்கிறவருக்கு உடனே சுகமாகிவிடும்.

கையை மட்டும் யாரும் குறை சொல்ல முடியாது. இருபத்தாறு வருஷம் அந்த நாற்காலியின் பக்கத்தில் நின்ற கை. நரம்பே இல்லாமல் பிறந்துவிட்டார்களோ என்று சந்தேகப்பட வைக்கிற ஆட்கள் வருவார்கள். மற்ற நாற்காலிகளில் மூன்று இடத்தில் குத்திப் பார்த்து, அசடு வழிந்து, "அக்காகிட்ட போயிடுங்க" என்று அனுப்புவார்கள். இவள் ரப்பர் பட்டியைக் கட்டி, விரல் நுனியால் இரண்டு தட்டுத் தட்டி, வேறு எங்கோ பார்த்துக்கொண்டு தடவுவாள். பிறகு ஒரே குத்து. ஊசி போனதே தெரியாது. வலிக்க வைக்கிற வேலையை எல்லாம் வாய் பார்த்துக்கொள்ளும்.

இவளுக்குத் தங்கை ஒருத்தி, ஏழு வயது இளையவள். அம்மாவும் அப்பாவும் போய்ச் சேர்ந்த பிறகு ரத்த உறவு என்று மிஞ்சியது அவள் மட்டும்தான். தங்கை கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை. அதை ஒரு குறையாகவும் நினைக்கவில்லை, அதுதான் சொந்தக்காரர்களால் மன்னிக்க முடியாத குற்றம். பள்ளிப் பாடப் புத்தகங்கள் அச்சுக்குப் போகும் முன் பிழை திருத்திக் கொடுப்பது அவள் தொழில். வீட்டிலேயே மேசை, காதோரம் சிவப்புப் பேனா, ஊர்ப் பிள்ளைகளின் ஒற்றுப் பிழைகளையெல்லாம் முன்கூட்டியே தடுத்து நிறுத்துகிற வேலை. துணைக்கு ஒரு பூனை இருந்தது.

பூனைக்கு இன்ஸ்பெக்டர் என்று பெயர். காலையில் எழுந்ததும் அடுப்படி, குளியலறை, அலமாரிக்கு அடி எல்லாவற்றையும் ஒரு சுற்றுப் பார்வையிடும். எதிலும் திருப்தி இல்லாத முகத்தோடு வந்து அச்சுத்தாள்கள் மேல் உட்கார்ந்துகொள்ளும். பதினாலு வருஷம் அந்தப் பதவியில் இருந்தது, மாற்றல் இல்லை, ஓய்வும் இல்லை.

ஒரு வியாழக்கிழமை காலை தங்கையிடமிருந்து போன். அக்கா கையுறையோடு இருந்ததால் ஸ்பீக்கரில் போட்டாள். "அக்கா, இன்ஸ்பெக்டர் போயிட்டான்" என்றது குரல். லேபே ஒரு நிமிஷம் அமைதியானது. நாற்காலியில் கையை நீட்டிக்கொண்டிருந்த ஆள் எந்த ஸ்டேஷன் இன்ஸ்பெக்டர் என்று ஆவலாகக் கேட்டார். பூனை என்று தெரிந்ததும் அவர் முகம் வாடிப்போனது.

தானேக்கா மனசாட்சி இல்லாதவள் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். சாப்பாட்டு இடைவேளையில் பஸ்ஸுக்குக்கூட நிற்காமல் வண்டி பிடித்து ஓடினாள். தங்கை தரையில் உட்கார்ந்திருந்தாள், பக்கத்தில் துண்டில் சுற்றி வைத்த பூனை. அக்காவைப் பார்த்ததும் எழுந்து நின்றாள். அக்கா அவள் தோளில் தட்டினாள்.

"பூனைதானேடி. வேற ஒண்ணு வாங்கிக்கலாம்."

அதன் பிறகு நடந்ததெல்லாம் மளமளவென்று நடந்தது. வீட்டுக்குப் பின்னால் அக்காவே குழி தோண்டிப் புதைத்தாள். அதன் தட்டைக் கழுவி அலமாரியின் மேல்தட்டில் கவிழ்த்தாள். தரையைத் துடைத்தாள். நாற்பது நிமிஷத்தில் பதினாலு வருஷத்தைச் சுத்தமாகத் துடைத்தெடுத்துவிட்டாள். "சரிக்கா, உனக்கு நேரமாச்சு, கிளம்பு" என்றாள் தங்கை. லேபுக்குத் திரும்பியவள் பக்கத்து நாற்காலிப் பெண்ணிடம், என் தங்கை கெட்டிக்காரி, ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை என்று பெருமை வேறு அடித்துக்கொண்டாள்.

கெட்டிக்காரி அன்றோடு பேச்சை நிறுத்திவிட்டாள். சண்டை போட்டிருந்தால் பரவாயில்லை, சண்டை என்றால் அக்காவுக்குச் சமாளிக்கத் தெரியும். இது வேறு மாதிரி. போன் பண்ணினால் எடுப்பாள். "நல்லா இருக்கேன். வேலை இருக்கு. வெச்சிடறேன்" என்பாள். மூன்று வாக்கியம், ஒரு பிழை இருக்காது. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் வருகிறவள் வருவதை விட்டாள். அக்கா ஒரு மாதம் பொறுத்தாள். கோபம்தானே, ஆறிவிடும் என்று தனக்கே அந்த மருந்தைக் கொடுத்துக்கொண்டாள். மருந்து கேட்கவில்லை. இரண்டு மாதம் ஆனது, நாலு ஆனது. லேபில் நாற்பது பேர் அவளை அக்கா என்கிறார்கள், ஆனால் பிறந்ததிலிருந்து அக்கா என்று கூப்பிட ஒருத்திதான் இருந்தாள். அவளும் இல்லையென்று ஆகிவிடுமோ என்று தானேக்காவுக்கு உள்ளுக்குள் நடுங்கியது. நடுக்கம்தானே என்று அதையும் மடித்து உள்ளே வைத்தாள்.

இந்த வியாதி அவளுக்கு எங்கே தொற்றியது என்று கேட்டால் பதில் சுலபம். அப்பா போனபோது அவளுக்குப் பதினொரு வயது, தங்கைக்கு நாலு. அம்மா இரண்டு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். அந்த வீட்டில் அழுவதற்கு இடமும் இல்லை, நேரமும் இல்லை. பசித்தால் பசிதானே, கால் கிழிந்தால் ரத்தம்தானே, பள்ளிக்கூடத்தில் கேலி பண்ணினால் பேச்சுதானே. எதையும் சிறிதாக்கிவிட்டால் தூக்கிச் சுமக்க வசதி என்று அந்தச் சிறுமி கண்டுபிடித்தாள். நல்ல கண்டுபிடிப்புதான். தன் சாமானைத் தூக்கியதோடு நிறுத்தியிருக்கலாம். ஊரார் சாமானையும் மிதித்து நசுக்கிச் சிறிதாக்கிக் கொடுக்கும் சேவையில் இறங்கியது பிற்பாடு.

ஏழாவது மாதம் லேபின் புகார்ப் பெட்டி நிரம்பியது. "கை தங்கம், வாய் தகரம்" என்று ஒரு பெண்மணி எழுதிப் போட்டிருந்தாள். தானேக்காவைப் பற்றி அதோடு மூன்று புகார். சூப்பர்வைசர் எல்லோருக்கும் சேர்த்து ஒரு சனிக்கிழமை பயிற்சி ஏற்பாடு பண்ணினார். ஒருத்திக்கு மட்டும் பண்ணினால் மனம் புண்படுமாம்.

பயிற்சி கொடுக்க ஒரு கோட்டுக்காரர் வந்தார். பிறர் உணர்வை மதிப்பது எப்படி என்று காலையிலிருந்து பேசினார், நடுவில் ஒருவர் கொட்டாவி விட்டதற்காகக் கோபித்துக்கொண்டார். மதியம் எல்லோரையும் ஜோடி ஜோடியாக உட்கார வைத்து, ஒருவர் தன் வருத்தத்தைச் சொல்ல வேண்டும், மற்றவர் மதிக்க வேண்டும் என்றார். தானேக்காவுக்கு வாய்த்தவர் பில் போடுகிற அண்ணன். ஒன்பது வருஷமாக மதியம் தனியாகத்தான் சாப்பிடுகிறேன், யாரும் கூப்பிடுவதில்லை என்று சொன்னார். தானேக்கா அவரை உற்றுப் பார்த்து, "சாப்பாடுதானேண்ணே" என்றாள்.

கோட்டுக்காரர் பெருமூச்சு விட்டார். போகும்போது கழுத்தில் மாட்டிக்கொள்ள ஆளுக்கொரு அட்டை கொடுத்தார். நாலு வரி அச்சடித்து, நனையாமல் இருக்க பிளாஸ்டிக் ஒட்டியிருந்தது:

உங்கள் உணர்வுகளை புரிந்துகொள்கிறேன்.
உங்கள் அச்சம் நியாயமானதே.
இவ்வாறு உணர்வது இயல்பே.
நான் உங்களுடன் இருக்கிறேன்.

மற்றவர்கள் அட்டையை லாக்கரில் போட்டுவிட்டு மறந்துபோனார்கள். தானேக்காவுக்கு மட்டும் ஒரு நப்பாசை. முன்பின் தெரியாதவர்களையே இது குளிர்விக்கும் என்றால் கூடப் பிறந்தவளைக் குளிர்விக்காதா? மறுநாள் ஞாயிற்றுக்கிழமை தங்கை வீட்டுக்குக் கிளம்பினாள். பஸ்ஸில் உட்கார்ந்து மனப்பாடம் பண்ணினாள். "உங்கள்" என்பதை "உன்" என்று தானாகவே மாற்றிக்கொண்டாள், "அச்சம்" இருந்த இடத்தில் "துக்கம்" போட்டாள். இவ்வளவு யோசித்தது போதும், இனி பலன் தானாக வரும் என்று நம்பினாள்.

தங்கை கதவைத் திறந்தாள். தானேக்கா வாசலிலேயே நின்று, அட்டையை ஒரு கண்ணால் பார்த்துக்கொண்டு, "உன் உணர்வுகளை புரிந்துகொள்கிறேன். உன் துக்கம் நியாயமானதே" என்றாள்.

"என்னக்கா, செய்தி வாசிக்கறே?"

தானேக்கா விடாமல் மூன்றாவது வரிக்குப் போனாள். தங்கை கையை நீட்டி அவள் கழுத்திலிருந்த அட்டையைப் பிடித்துப் படித்தாள். காதோரம் இருந்த பேனாவை எடுத்தாள். "உணர்வுகளைக்கு அப்புறம் ப் வரணும். விட்டுட்டாங்க" என்று சொல்லி, பிளாஸ்டிக் மேலேயே அழுத்தி ஒரு ப் போட்டாள். வேறு ஏதாவது இருக்கிறதா என்று மரியாதையாகக் கேட்டாள். இல்லையென்றதும் அதே மரியாதையோடு கதவைச் சாத்தினாள்.

எழுத்துத் தமிழ் பத்திரத்துக்கு ஆகும், பாடப் புத்தகத்துக்கு ஆகும், இரங்கல் கூட்டத்தில் மைக்கைப் பிடித்தவருக்கு ஆகும். உலகத்தில் எந்தத் தாயும் விழுந்த பிள்ளையை "உன் வலி நியாயமானதே" என்று தூக்கியதில்லை. கோட்டுக்காரர் இதை யோசித்திருக்கலாம். சம்பளம் வாங்குகிறவருக்கு யோசனை எதற்கு?

திங்கட்கிழமை ஒரு லாரி டிரைவர் வந்தார். ஆறடி உயரம், கதவை மறைக்கிற தோள். லைசன்ஸ் புதுப்பிக்க ரத்தம் கொடுக்க வேண்டுமாம், சிரித்துக்கொண்டே கையை நீட்டினார். தானேக்கா பட்டியைக் கட்டிவிட்டு, சூப்பர்வைசர் பார்த்துக்கொண்டிருப்பதைக் கவனித்து, அட்டையைப் பார்த்து, "உங்கள் அச்சம் நியாயமானதே" என்றாள்.

டிரைவர் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று திரும்பிப் பார்த்தார். யாருக்கு அச்சம் என்று கேட்டார். "இவ்வாறு உணர்வது இயல்பே" என்றாள் தானேக்கா. அதுவரை அவருக்கு ஒரு குறையும் இல்லை. இப்போதுதான் யோசிக்க ஆரம்பித்தார், உடம்பில் ஏதோ பெரிதாக இருக்கிறது, அதனால்தான் இந்த அம்மா இப்படிப் பேசுகிறாள் என்று முடிவு கட்டினார், அப்படியே சரிந்தார். கூடவே டியூப் அடுக்கிய தட்டும் சரிந்தது. தரையில் கிடந்தவரிடம் குனிந்து தானேக்கா நாலாவது வரியையும் படித்து முடித்தாள், பாதியில் விடுவது முறையில்லை என்று.

அன்று சாயங்காலம் சூப்பர்வைசர் கூப்பிட்டு அனுப்பினார். நாளையிலிருந்து உள் அறையில் டியூப்களுக்கு லேபிள் ஒட்டுகிற வேலை என்றார். டியூப்களுக்கு உணர்வு கிடையாது, புகார்ப் பெட்டியும் கிடையாது. அவள் முகம் போன போக்கைப் பார்த்து, நல்ல மனுஷர், ஆறுதலும் சொன்னார். "சீட் மாத்தம்தானேக்கா? சம்பளம் அதேதான்."

எங்கே கற்றுக்கொண்டார் என்று கேட்கத் தேவையில்லை. தானேக்கா, ஒண்ணுமில்ல சார், பரவாயில்ல என்று சொல்லிவிட்டு வந்தாள்.

வீட்டில் புருஷன் டிவியைப் பார்த்தபடியே ஏன் முகம் ஒரு மாதிரி இருக்கிறது என்று கேட்டார். ஒண்ணுமில்ல என்றாள். மனைவி ஒண்ணுமில்ல என்றால் ஒன்றுமில்லை என்று இருபத்திரண்டு வருஷமாக நம்பி வருகிற உத்தமர் அவர். தலையாட்டிவிட்டு ஒலியைக் கூட்டினார்.

உள் அறையில் ஜன்னல் இல்லை. பார்கோடு அச்சடித்து வரும், உரித்து ஒட்ட வேண்டும், அடுக்க வேண்டும். சுவருக்கு அந்தப் பக்கம்தான் மூன்றாவது நாற்காலி. அங்கே புதிதாகப் போட்டிருக்கிற பெண் ஒரே ஆளை மூன்று தடவை குத்துவதும், அந்த ஆள் ஸ் என்று இழுப்பதும் சுவர் வழியாகக் கேட்கும். தானேக்காவுக்கு விரல் நுனி துடிக்கும். நாற்காலிதானே என்று சொல்லிப் பார்த்தாள். ஒரு நாளைக்கு இருபது தடவை சொன்னாள். தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்பார்கள், மருந்தின் லட்சணமும் அப்படித்தான். நாலாம் நாள் ஒரு டியூப்பில் லேபிளைத் தலைகீழாக ஒட்டிவிட்டு அதையே வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். அழுகை வந்தது. லேபிளுக்காக அழுவது கேவலம் என்று முகத்தைக் கழுவிக்கொண்டாள்.

சாயங்காலம் பஸ்ஸில் தன் நிறுத்தம் வந்தது, இறங்கவில்லை. இரண்டு நிறுத்தம் தள்ளி இறங்கித் தங்கை வீட்டுக் கதவைத் தட்டினாள். தங்கை திறந்தாள். கழுத்தைப் பார்த்தாள், அட்டை இல்லை.

"என்னக்கா?"

"ஒண்ணுமில்ல."

ஒண்ணுமில்லாததற்கு யாராவது பஸ்ஸில் இரண்டு நிறுத்தம் தாண்டி வருவார்களா? தங்கை கதவை விட்டு விலகி நின்றாள். தானேக்கா உள்ளே போய் உட்கார்ந்தாள். கேட்காமலே சொல்ல ஆரம்பித்தாள்: லாரி டிரைவர், தட்டு விழுந்தது, உள் அறை, சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கிற சத்தம். வழக்கம்போல ஒவ்வொன்றையும் சிறிதாக்கித்தான் சொன்னாள், ஆனால் குரல் ஒத்துழைக்கவில்லை. தங்கை குறுக்கே பேசாமல் கேட்டாள். கடைசியில் பேனாவை மூடி மேசையில் வைத்தாள்.

"நாற்காலிதானேக்கா."

"என்னடி சொன்னே?"

"நாற்காலிதானே. வேற ஒண்ணு வாங்கிக்கலாம்."

தானேக்காவுக்குச் சுர்ரென்று ஏறியது. எழுந்தே நின்றுவிட்டாள். "அது நாற்காலி இல்லடி. இருபத்தாறு வருஷம். என் கை தெரியுமா உனக்கு? நரம்பே இல்லாதவங்க என்கிட்டதான் வருவாங்க. அங்க நிக்கும்போது மட்டும்தான் நான் ஒரு ஆளுன்னு எனக்குத் தோணும். அதைப் போயி நாற்காலின்னு..."

அங்கேயே நின்றுவிட்டது பேச்சு. தங்கை அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள், முகத்தில் கேலி இல்லை. தானேக்கா மறுபடி உட்கார்ந்தாள். வெந்த புண்ணில் வேல் பாய்ந்தால் எப்படி இருக்கும் என்று அவளுக்கு இப்போது தெரிந்தது. ஏழு மாதத்துக்கு முன் அந்த வேலைப் பாய்ச்சிவிட்டு, தரையைத் துடைத்து வைத்துவிட்டுப் போனது தான்தான் என்பதும் தெரிந்தது. மன்னித்துக்கொள் என்று சொல்ல நினைத்தாள், அதுவும் அட்டையில் அச்சடித்த மாதிரி வந்துவிடுமோ என்று பயந்தாள்.

"அன்னைக்கு என்னடி நடந்துச்சு?" என்றாள். "நான் கேக்கவே இல்ல."

தங்கை சொல்ல ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டாள். முந்தின நாளிலிருந்தே இன்ஸ்பெக்டர் தண்ணீரைக்கூட முகர்ந்து பார்த்துவிட்டு விலகிப் போனதையும், காலையில் பார்வையிட எழுந்தவன் அடுப்படி வரைக்கும் போய் அதற்கு மேல் முடியாமல் உட்கார்ந்துவிட்டதையும் சொன்னாள். மடியில் தூக்கிப் போட்டுக்கொண்டு, வேலை செய்கிற மாதிரி நடித்தால் அவன் நிம்மதியாக இருப்பான் என்று நாலு பக்கம் பிழை திருத்தினாளாம். அதில் மூன்று பிழையை விட்டுவிட்டாளாம், அச்சகத்தில் திட்டினார்களாம். பிழைதானே என்று தானேக்காவின் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. பழக்கம் லேசில் விடுமா? கடித்து விழுங்கினாள். அப்புறம் என்று மட்டும் கேட்டாள். அடுத்ததற்கும் அப்புறம் என்றாள்.

நடுவில் தங்கை கடைசிப் பஸ் போய்விடுமே என்றாள். போகட்டும் என்றாள் அக்கா.

"அவன் போனதும் டாக்டருக்குக்கூட பண்ணல, உனக்குத்தான் போன் பண்ணேன்" என்றாள் தங்கை. "அழுகை முட்டிக்கிட்டு வந்துச்சு. அடக்கிட்டு உக்காந்திருந்தேன். நீ வந்தப்புறம் அழலாம்னு இருந்தேன்க்கா."

தானேக்கா நகர்ந்து அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். "வந்திருக்கேன்டி" என்றாள்.

"ஏழு மாசம் லேட்டா வந்திருக்கே" என்று சொல்லிவிட்டுத் தங்கை அழுதாள்.